கைமாறாத நாள்

முப்பத்தைந்து வருஷம் சுரங்கத்தில் வேலை பார்த்தவனிடம் இன்றைக்கு என்ன கிழமை என்று கேட்காதீர்கள். எனக்குத் தெரியாது. காலை ஷிஃப்ட், மத்தியான ஷிஃப்ட், ராத்திரி ஷிஃப்ட், அப்புறம் ஒரு நாள் ஆஃப். எங்களுக்கு வாரம் அவ்வளவுதான். எதிர் வீட்டுக்காரர் தீபாவளிச் சரம் கொளுத்தும்போது போர்வையைத் தலைக்கு மேல் இழுத்துக்கொண்டு தூங்கியிருக்கிறேன். ஊரே ஆபீசுக்கு ஓடுகிற புதன்கிழமையில் கறி எடுத்து வந்து பண்டிகை மாதிரித் தின்றிருக்கிறேன். நெய்வேலியில் ஷிஃப்டுக்குப் போகிற வீடுகள் எல்லாம் இப்படித்தான். கடைக்காரர் கொடுத்த தினசரிக் காலண்டர் எங்கள் குவார்ட்டர்ஸ் சுவரிலும் தொங்கியது. தாளைக் கிழிக்கத்தான் யாருக்கும் ஞாபகம் இருக்காது.

எங்கள் வீட்டில் இன்னொரு காலண்டரும் இருந்தது. அதைப் பற்றிச் சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன். அது எந்த ஊரிலும் கிடையாது. நானும் என் மகளும் சேர்ந்து கட்டிவிட்ட ஒரு பொய் நாட்டில், யாத்திரை போகிற ஜனங்கள் வைத்திருந்த காலண்டர் அது. அறுபது வயது ஆள் இதைப் போய் எழுதுகிறானே என்று சிரிப்பவர்கள் சிரித்துக்கொள்ளுங்கள். என் மனைவி சிரிக்காத சிரிப்பா?

மகளுக்கு அப்போது ஒன்பது வயது. பள்ளிக்கூடத்தில் ஞாயிற்றுக்கிழமையைப் பற்றி ஒரு பக்கம் எழுதச் சொல்லியிருக்கிறார்கள். இவள், ‘எங்க அப்பாவுக்கு இந்த வாரம் ஞாயிற்றுக்கிழமை வியாழக்கிழமையில் வருகிறது’ என்று எழுதிக் கொடுத்திருக்கிறாள். டீச்சர் சிவப்பு மையால் ஒரு சுழி சுழித்துவிட்டார். வகுப்பே சிரித்ததாம். வந்ததும் பையைக் கட்டிலில் வீசி எறிந்தாள்.

“அவங்க காலண்டர் நமக்கு ஒத்து வராதுப்பா. நாமளே ஒண்ணு செஞ்சிக்கலாம்.”

நான் ராத்திரி ஷிஃப்டுக்குப் போக வேண்டியவன். தூக்கம் கலையாமல் ‘சரி’ என்று சொல்லித் தொலைத்தேன். அப்படித்தான் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டேன்.

முதலில் ஒரு நாடு வேண்டும் என்றாள். புகைநாடு என்று அவளே பெயரும் வைத்தாள். பஸ்ஸில் போகும்போது தெரிகிற சிம்னிப் புகைதான் அந்த நாட்டுக்கு வானம். சுரங்கத்தில் வெட்டிக் கொட்டிய மண் மேடுகள்தான் மலை. அங்கே வானத்தைப் புகை மூடியே கிடக்கும். சூரியனும் தெரியாது, நிலாவும் தெரியாது. பகலுக்கும் ராத்திரிக்கும் ஒரே மங்கல் வெளிச்சம். நாட்டின் கோடியில் அணையாமலை என்று ஒன்று, அதன் உச்சியில் ஒரு நெருப்பு. ஆயுசில் ஒரு தடவை ஜனங்கள் அந்த நெருப்பைக் கும்பிட நடந்து போவார்கள். அவர்களுக்கு நடையர் என்று பெயர்.

“சூரியனும் கெடையாது, நிலாவும் கெடையாது. அப்புறம் நாள எப்படி எண்ணுவாங்க?” என்று கேட்டேன். மடக்கிவிட்டதாக எனக்கு நினைப்பு.

அவள் பென்சிலைக் கடித்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். “உங்க ஷிஃப்ட் எப்பப்பா முடியும்?”

“ரிலீவர் வந்தா முடியும்.”

“அப்ப அதான்” என்றாள்.

வெளியூர்க்காரர்களுக்கு இதைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். ரிலீவர் என்றால் அடுத்த ஷிஃப்டுக்கு வந்து நம் இடத்தில் உட்காருகிற ஆள். நான் பார்த்தது பெல்ட் வேலை. சுரங்கத்தில் வெட்டிய நிலக்கரி மைல் கணக்கில் பெல்ட்டில் ஓடும். நடுநடுவே ஒரு கேபின், கேபினில் ஓர் ஆள். பெல்ட் கிழிந்தாலோ கரி சரிந்தாலோ நிறுத்த வேண்டியவன் அவன்தான். கடிகாரம் என்ன காட்டினாலும் ரிலீவர் வந்து நிற்காமல் அந்த நாற்காலியை விட்டு எழுந்திருக்கக் கூடாது. சங்கு ஊதிவிட்டது என்று கிளம்பிப் போனால் அவன் ஆளே இல்லை. எங்களுக்குள் எழுதாத சட்டம் இன்னொன்றும் உண்டு. வருகிறவன்தான் முதலில் “குடுங்க, நான் பாத்துக்கறேன்” என்று சொல்ல வேண்டும். உட்கார்ந்திருப்பவன் “எடுத்துக்கோ, நான் கிளம்பணும்” என்று சொல்லக் கூடாது. சொன்னால் கௌரவக் குறைச்சல். இந்த வீம்பு எங்கிருந்து வந்தது என்று கேட்டால் எனக்குத் தெரியாது. நான் வேலைக்குச் சேர்ந்தபோதே இருந்தது.

அந்தச் சட்டத்தை அப்படியே புகைநாட்டுக்குத் தூக்கிக்கொண்டு போனோம். நடையர் போகிற பாதையில் அங்கங்கே ஒரு கல் கிடக்கும். கல்லின் மேல் ஒருவர் விளக்கோடு உட்கார்ந்திருப்பார். அந்த நாள் அவருடையது. பின்னால் நடந்து வருகிற ஆள் கல்லருகே வந்து நின்று, “நாளைக் கொடு, நான் பார்த்துக்கொள்கிறேன்” என்று கேட்க வேண்டும். உட்கார்ந்திருப்பவர் தன் நாளில் என்ன நடந்தது என்று யோசித்து அதற்கு ஒரு பெயர் வைப்பார். பெயரைச் சொல்லி விளக்கைக் கையில் கொடுப்பார். அதோடு அந்த நாள் முடிந்தது. அவர் எழுந்து நடக்கலாம். வந்தவர் உட்கார வேண்டும். அவருக்கு அடுத்த ஆள் எப்போது வருவாரோ, அதுவரைக்கும் அடுத்த நாள்.

ஆக, அந்த நாட்டில் ஒரு நாள் இன்னொரு நாள் அளவுக்கு இருக்காது. ஆள் வந்துவிட்டால் அரை மணியிலும் முடியும். வராவிட்டால் இழுத்துக்கொண்டே போகும். ஏழு நாள் ஒரு திரி. ஒன்பது திரி ஒரு குடம். “உனக்கு எத்தனை குடம்?” என்றுதான் வயது கேட்பார்கள். விளக்கை வைத்துக்கொண்டு தூங்கிவிட்டால் அது ஓட்டை நாள், கணக்கில் சேராது. விளக்கைக் கீழே வைத்துவிட்டு எழுந்து போவதுதான் இருப்பதிலேயே பெரிய பாவம். அப்படிப் போனவன் அணையாமலையை எத்தனை வருஷம் நடந்தாலும் அடைய மாட்டான்.

“ஆளே வரலன்னா? உக்காந்திருக்கறவரு நடுவுல கேக்கக் கூடாதாப்பா, யாராவது வாங்கன்னு?” என்று ஒரு தடவை கேட்டாள்.

“கூடாது. வர்றவன்தான் கேக்கணும்” என்றேன். எனக்கு அதில் அப்படி ஒரு பெருமை.

கம்பெனி கொடுத்த பழைய டைரி ஒன்றில் ஸ்கேல் வைத்துக் கோடு போட்டாள். எங்கள் ஷிஃப்ட் நோட்டில் இருப்பதுபோலவே மூன்று கட்டம். நாளின் பெயர், கொடுத்தவர், எடுத்தவர். நான் ராத்திரி ஷிஃப்ட் முடித்துக் காலையில் வந்து சைக்கிளை நிறுத்தும்போது அவள் இரட்டைச் சடையோடு பள்ளிக்கூடம் கிளம்பிக்கொண்டிருப்பாள். வாசற்படியில் நின்று, “நாளைக் குடுங்க, நான் பாத்துக்கறேன்” என்பாள். நான் பெயர் சொல்வேன். பெல்ட்டில் நரி ஓடிய நாள். டீ கிடைக்காத நாள். மழையில் கேபின் ஒழுகிய நாள். சாயங்காலம் நான் அவளிடம் கேட்டு வாங்கிக்கொள்வேன். அவள் சொல்கிற பெயர்கள் எல்லாம் சண்டையாகவே இருக்கும். யாரோ ஒருத்தி ரப்பரைத் திருடிய நாள், அவளோடு ‘கா’ விட்ட நாள். ஷிஃப்டுக்கு ஷிஃப்ட் முகம் பார்க்காமல் போகிற வீட்டில் அந்த இரண்டு நிமிஷம் எங்களுக்குக் கிடைத்தது.

என் மனைவிக்குக் காடாம்புலியூர் பக்கம். அவளுக்கு இதெல்லாம் தமாஷ். “அப்பனும் மவளும் என்னாத்த எழுதிக்கினு இருக்கீங்க? கிறுக்குப் புடிச்சிக்கிச்சா?” என்று கேட்டுவிட்டு முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரிப்பாள். ஒரே ஒரு தடவைதான் அவள் விளையாட்டுக்குள் வந்தாள். மகளுக்குப் பத்தாவதில் கணக்குப் பாடத்தில் மார்க் குறைந்தது என்று நான் வாய்க்கு வந்தபடி கத்திவிட்டேன். நாள் என் கையில் இருந்தது. மகள் வந்து கேட்கவில்லை. நானும் சும்மா விடுவேனா, முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு இரண்டு நாள் திரிந்தேன். மூன்றாம் நாள் என் மனைவி கரண்டியும் கையுமாக என் முன்னால் வந்து நின்றாள்.

“குடுங்க அந்த நாள, நான் பாத்துக்கறேன். ரெண்டு பேரும் இப்படிப் பேசாம சுத்திக்கினு இருந்தா வூட்ல சோறு எப்படி எறங்கும்?”

வாங்கி வைத்துக்கொண்டாள். மகள் போய் அவளிடம் கேட்டபோது, “சோறு மீந்த நாள்னு எழுதிக்கோ” என்றாளாம். டைரியில் என் மனைவி கைமாற்றிய நாள் அது ஒன்றுதான்.

என் மனைவிக்கு வீசிங் இருந்தது. பனிக்காலத்தில் அடிக்கடி இழுக்கும். மருந்தை உறிஞ்சிவிட்டு அரை மணி உட்கார்ந்தால் சரியாகிவிடும். எழுந்து போய்ப் பாத்திரம் துலக்குவாள். வருஷக்கணக்காக அப்படியே நடந்ததால் எங்களுக்கு அது பழகிப்போய்விட்டது. பழகக் கூடாத விஷயம் அது.

மகளுக்குப் பத்தொன்பது வயது. காலேஜ் லீவில் வந்திருந்தாள். அந்த வயதிலும் எங்கள் விளையாட்டு பாதி கேலியாக ஓடிக்கொண்டுதான் இருந்தது. எனக்குக் காலை ஷிஃப்ட். நான் கம்பெனி பஸ்ஸுக்குக் கிளம்பும்போது கண்ணைக்கூடத் திறக்காமல், “நாளைக் குடுங்கப்பா, பாத்துக்கறேன்” என்றாள். சாக்ஸ் ஒன்று காணாமல் போன நாள் என்று பெயர் சொல்லிவிட்டு ஓடினேன். பஸ் ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது.

மத்தியானம் ஷிஃப்ட் முடிகிற நேரம். ரிலீவர் வரவில்லை. உறவில் காதுகுத்து, விருந்து முடிந்து வரத் தாமதமாகிவிட்டது என்று பிறகு சொன்னார். கேபின் போன் அடித்தது. மகள்.

“அப்பா, அம்மாவுக்கு மூச்சு ஒரு மாதிரி இருக்கு. மருந்து குடுத்தும் அடங்கல. நீங்க வாங்களேன்.”

“ஒண்ணும் ஆவாது. ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போ. ரிலீவர் வந்ததும் நேரா அங்க வந்துடறேன்.”

இதற்கு மேல் எழுத எனக்குக் கை வரவில்லை, இருந்தாலும் எழுதுகிறேன். என் மேஜைமேலேயே இன்னொரு போன் இருந்தது. ஷிஃப்ட் பொறுப்பாளருக்கு ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் பத்து நிமிஷத்தில் வேறு ஆளை உட்கார வைத்து என்னை ஜீப்பில் அனுப்பியிருப்பார். நல்ல மனுஷன். நான் சொல்லவில்லை. பெல்ட் ஓடுகிறது, ரிலீவர் எப்படியும் வந்துவிடுவார், இருக்கிறவன் போய்க் கேட்கலாமா என்று உட்கார்ந்திருந்தேன். அடப் பாவி, என்ன வீம்பு அது? மூன்று மணி நேரம் கரி ஓடுவதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ரிலீவர் வந்து வழக்கம்போல “குடுங்க, நான் பாத்துக்கறேன்” என்றார். நானும் வழக்கம்போல நோட்டில் எல்லாம் நார்மல் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

நான் ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தபோது எல்லாம் முடிந்து ஒரு மணி நேரம் ஆகியிருந்தது. மகள் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். மடியில் அவள் அம்மாவின் செருப்பு. என்னைப் பார்த்ததும் அழவில்லை, கத்தவில்லை. என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் ஏதாவது சொல்வேன் என்று காத்திருக்கிறாள் என்று தெரிந்தது. என்ன சொல்வது? வாயில் வந்ததைச் சொன்னேன்.

“ரிலீவர் வரல.”

அவள் தலை குனிந்துகொண்டாள். அதற்குப் பிறகு எல்லாவற்றையும் அவளே பார்த்தாள். எந்தத் தாளில் கையெழுத்து, எந்தச் சொந்தக்காரருக்கு முதலில் போன், எந்தப் புடவை, எல்லாம் அவள்தான். எனக்குக் கை ஓடவில்லை, கால் ஓடவில்லை. பத்தொன்பது வயதுப் பெண் ஆட்களை ஏவிக்கொண்டிருக்க, நான் நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். உட்கார மட்டும் எனக்கு எப்போதும் நன்றாக வரும்.

காரியம் முடிந்து ஒரு நாள் டைரியை எடுத்துப் பார்த்தேன். கடைசி வரியில் கொடுத்தவர் நான், எடுத்தவர் அவள். அடுத்த வரி காலி. அந்த நாளுக்குப் பெயர் வைக்கவில்லை, யாருக்கும் கைமாறவும் இல்லை. எனக்குப் புரிந்துவிட்டதாக நினைத்தேன். அந்த நாளை என்னிடம் கொடுக்க அவளுக்கு இஷ்டமில்லை. கொடுக்க மாட்டாள். நியாயம்தான், நான் அதற்கு லாயக்கில்லை என்று டைரியைப் பீரோவில் துணிகளுக்கு அடியில் வைத்துப் பூட்டினேன். கரண்டியோடு நடுவில் வந்து நிற்க ஆள் இல்லை.

அவள் படிப்பு முடித்து பூனாவில் வேலைக்குப் போனாள். அவள் காலேஜ் வருஷங்களையும் சேர்த்து எட்டு வருஷம் அந்தக் குவார்ட்டர்ஸில் நான் தனியாக இருந்தேன். வாரத்துக்கு ஒரு போன். சாப்பிட்டீங்களா, சாப்பிட்டேன், நீ சாப்பிட்டியா, சாப்பிட்டேன். வெயில் எப்படி, அதே வெயில்தான். இரண்டு நிமிஷத்தில் முடிந்துவிடும். முடிந்ததும் போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு இன்னும் பத்து நிமிஷம் உட்கார்ந்திருப்பேன். திரும்பக் கூப்பிடலாமே என்று தோன்றும். கூப்பிட்டு என்ன சொல்ல?

தனியாக இருக்கிறவனுக்கு ராத்திரி ஷிஃப்ட்தான் வசதி என்று எல்லாரிடமும் மாற்றிக் கேட்டு வாங்கிப் போனேன். பகலில் தூங்கினால் வீடு எப்படி இருக்கிறது என்று தெரியாது, பாருங்கள். பக்கத்துக் குவார்ட்டர்ஸ்காரர்கள் ரிட்டயராகிக் காலி செய்துகொண்டு போனார்கள். அந்த வீட்டு ஜன்னல் வழியாக வேப்பங்கன்று தலையை நீட்டியது. கொல்லையில் எங்கள் பலா மரம் வருஷா வருஷம் காய்த்தது. பழுத்து விழுந்த சத்தம் தூக்கத்தில் கேட்கும். முதல் இரண்டு வருஷம் யாருக்காவது கொண்டு போய்க் கொடுத்தேன். அப்புறம் எழுந்து போகவே இல்லை. மூன்று நாள் நாறிவிட்டு அடங்கிவிடும். மூச்சு வாங்குகிற சத்தம் இல்லாத வீட்டில் எனக்குத் தூக்கம் வர ஒரு வருஷம் ஆயிற்று. இதை யாரிடமும் சொன்னதில்லை.

இந்த வருஷம் நான் ரிட்டயர் ஆனேன். கடைசி ஷிஃப்ட் அன்று என் ரிலீவர் பத்து நிமிஷம் முன்னாலேயே வந்து நின்றார். எனக்கு வந்த ஆத்திரத்தை என்ன சொல்ல? எங்கள் ஊர் வழக்கப்படி மாலை போட்டுக் காரில் உட்கார வைத்து வீடு வரைக்கும் ஊர்வலமாகக் கொண்டுவந்து விட்டார்கள். வாசலில் வெடி போட்டார்கள். மற்ற வீடுகளில் மனைவி ஆரத்தித் தட்டோடு நிற்பாள். என் வீடு பூட்டியிருந்தது. மாலையும் கழுத்துமாக நானே சாவியைத் தேடிக்கொண்டிருந்தேன். எதிர் வீட்டு அம்மா பாவப்பட்டு மஞ்சள் நீரைக் கரைத்து எடுத்து வந்து சுற்றினார். மகளுக்கு ஆபீசில் லீவு கிடைக்கவில்லை. காலி செய்யும்போது வருகிறேன் என்றிருந்தாள்.

சொன்னபடி வந்தாள். காலையில் ஆர்ச் கேட்டில் பஸ்ஸை விட்டு இறங்கியவளைக் கூட்டி வந்தேன். இருபத்தேழு வயது. கண்ணுக்குக் கீழே கறுப்பு. ஸ்கூட்டரில் என் பின்னால் உட்கார்ந்து தோளைப் பிடிக்காமல் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். வீட்டுக்கு வந்ததும் பல்கூடத் தேய்க்காமல் அட்டைப் பெட்டிகளைப் பிரித்துப் போட ஆரம்பித்தாள்.

“கொஞ்சம் படுத்துட்டு எழுந்திரேன்.”

“எனக்குப் பகல்ல தூக்கம் வராதுப்பா. ராத்திரியும் அப்படி ஒண்ணும் வர்றதில்ல.”

“எவ்ளோ நாளா?”

“நாளா?” என்று கேட்டுவிட்டு அவள் பாத்திரங்களைத் தாளில் சுற்றினாள்.

பத்து மணி இருக்கும். நான் சமையல்கட்டில் டீ போட்டுக்கொண்டிருந்தேன். உள்ளே பீரோவைக் காலி செய்துகொண்டிருந்தவளிடமிருந்து சத்தமே இல்லை. அடுப்பை அணைத்துவிட்டுப் போய்ப் பார்த்தேன். தரையில் துணிக் குவியலுக்கு நடுவே டைரியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கடைசிப் பக்கம் திறந்திருந்தது. ஆஸ்பத்திரி பெஞ்சில் செருப்பை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த அதே மாதிரி.

எட்டு வருஷக் கோபத்திலும் வெட்கத்திலும் நானே முந்திக்கொண்டேன். “தெரியும்மா. நீ எங்கிட்ட குடுக்க மாட்டேன்னு தெரியும். நான் கேக்கவும் இல்ல, எனக்கு அதுக்கு யோக்கியதையும் இல்ல.”

அவள் நிமிர்ந்து பார்த்தாள். “நான் குடுக்கலயா?”

“பின்ன?”

“நீங்கதானப்பா சட்டம் சொன்னீங்க. இருக்கறவங்க கேக்கக் கூடாது, வர்றவங்கதான் கேக்கணும்னு.” அவள் டைரியை மூடினாள். “அன்னிக்கு எனக்கு இந்த வெளையாட்டெல்லாம் ஞாபகத்துல இல்ல. ஆனா நீங்க வந்து நின்னீங்க. அப்பா வந்துட்டாரு, ‘குடும்மா, இனிமே நான் பாத்துக்கறேன்’னு சொல்லுவாருன்னு ஒங்க மூஞ்சியவே பாத்துக்கிட்டு இருந்தேன். நீங்க ரிலீவர் வரலன்னு சொன்னீங்க.”

சமையல்கட்டில் டீ ஆறிக்கொண்டிருந்தது.

“இன்னும் நான்தாம்பா டூட்டில இருக்கேன்” என்றாள். “எட்டு வருஷமா.”

வராத ரிலீவரை அத்தனை வருஷமும் மனதுக்குள் திட்டித் தீர்த்திருக்கிறேன். காதுகுத்துக்குப் போய் வயிறு முட்டத் தின்றுவிட்டு வந்தானே என்று அவன் வம்சத்தையே இழுத்திருக்கிறேன். அவன் மூன்று மணி நேரம்தான் தாமதம். என் மகளின் ரிலீவர் நான். நான் வந்து சேரவே இல்லை.

தரையில் அவளுக்கு எதிரே உட்கார்ந்தேன். முட்டி மடங்க மறுத்தது. கையை நீட்டினேன்.

“நாளைக் குடும்மா. இனிமே நான் பாத்துக்கறேன்.”

அவள் உடனே கொடுக்கவில்லை. சட்டப்படி பெயர் வைக்க வேண்டும். டைரியின் அட்டையைத் தடவிக்கொண்டே ரொம்ப நேரம் யோசித்தாள். எட்டு வருஷமாக அந்த நாளுக்கு நானே மனதுக்குள் வைத்திருந்த பெயர்கள் எனக்குத் தெரியும். ஒவ்வொன்றும் என்னை வெட்டிப் போடுகிற பெயர். அதில் ஒன்றை இப்போது அவள் வாயால் கேட்கப் போகிறேன் என்று காத்திருந்தேன்.

“அம்மாவ ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போறப்ப ஆட்டோ, பஜார் திருப்பத்துல நின்னுச்சு” என்றாள். “ஒரு வண்டிக்காரன் மல்லாட்டைக் கடலை அவிச்சிக்கிட்டு இருந்தான். ஆவியா வந்துச்சு. அம்மா அதையே பாத்தாங்க. மூச்சு வாங்கிக்கிட்டே எங்கிட்ட சொன்னாங்க. ‘திரும்பி வரப்ப ரெண்டு பொட்டலம் வாங்கணும்டி. உங்கப்பாரு பசியோட வருவாரு.’”

“வேற?”

“வேற ஒண்ணும் சொல்லலப்பா. அப்புறம் அவங்களால பேச முடியல.”

நான் அழுதேன். அவளும் அழுதாள். இதில் ஒளிக்க ஒன்றுமில்லை. எத்தனையோ வருஷம் கழித்து என் தோளைப் பிடித்துக்கொண்டு அழுதாள். பிறகு பேனாவைத் தேடி எடுத்து, அந்தக் காலி வரியில் முதல் கட்டத்தில் எழுதினாள். ‘திரும்பி வரும்போது மல்லாட்டை வாங்க இருந்த நாள்.’ கொடுத்தவர் என்ற இடத்தில் கையெழுத்துப் போட்டாள். எடுத்தவர் என்ற இடத்தில் நான் போட்டேன்.

டைரியை என் கையில் கொடுத்துவிட்டு, “கொஞ்சம் படுக்கறேன்பா” என்று துணிக் குவியலிலேயே சாய்ந்தாள். சாய்ந்த அடுத்த நிமிஷம் தூங்கிவிட்டாள். வாய் லேசாகத் திறந்திருந்தது. மூச்சு சீராக வந்து போனது. அந்த வீட்டில் எட்டு வருஷமாகக் கேட்காத சத்தம்.

நான் பக்கத்தில் உட்கார்ந்தேன். சாமான் ஏற்ற வந்த லாரிக்காரர் வாசலில் ஹாரன் அடித்தார். எழுந்து போகவில்லை. போன் செய்தார். “நாளைக்கு வாங்க” என்று மெதுவாகச் சொன்னேன். “என்னா சார், காலையிலேர்ந்து வண்டிய நிறுத்திக்கினு இருக்கேன்” என்று கத்தினார். “ஆளு வராம எழுந்திரிக்க முடியாதுங்க” என்றேன். அவருக்கு என்ன புரிந்ததோ. மத்தியானம் போய்ச் சாயங்காலமும் வந்துவிட்டது. கால் மரத்துப்போய் எறும்பு ஊறியது. கரி ஓடுவதை மூன்று மணி நேரம் பார்த்துக்கொண்டிருந்தவனுக்கு, மகள் தூங்குவதை ஏழு மணி நேரம் பார்க்க முடியாதா? அசையாமல் உட்கார்ந்திருந்தேன்.

அவள் பூனாவுக்குத் திரும்பிப் போய்விட்டாள். நான் நெய்வேலிக்குப் பக்கத்து ஊரான வடக்குத்தில் ஒரு வாடகை வீட்டுக்கு வந்துவிட்டேன். ஒரு ரூம், ஒரு சமையல்கட்டு. பலா மரம் இல்லை. வாரத்துக்கு ஒரு போன் இரண்டாகியிருக்கிறது. இப்போதெல்லாம் நன்றாகத் தூக்கம் வருகிறது என்கிறாள். எனக்குத்தான் வருவதில்லை. அது சரிதான், விளக்கை வைத்திருப்பவன் தூங்கக் கூடாது. டைரி ஜன்னல் பக்கம் இருக்கிறது. எடுத்தவர் நான், அதற்கு அடுத்த வரி காலி. வருகிறவர்கள்தான் கேட்க வேண்டும். இதுவரைக்கும் யாரும் கேட்கவில்லை. அவளைக் கேட்க வைக்கவும் எனக்கு மனசில்லை. அவள் ஷிஃப்ட் முடிந்துவிட்டது, போய் நடக்கட்டும். நான் இருக்கிறேன்.